கதவில்லாத கைப்பிடி
‘பிளேடைம்’ படத்தின் தோல்வியோடு பிரெஞ்சு காமெடிப் பட இயக்குநர் ழாக் தாத்தி முடிந்துபோனார் என்று அவரைப் பற்றிய உங்கள் கட்டுரையில் எழுதியிருப்பதை ஏற்க முடியவில்லை. முடிந்தது அவர் கையிலிருந்த பணம். 1958இல் வந்த ‘மோன் ஓன்க்ள்’ படத்துக்கு ஆஸ்கர் வாங்கியவர், அதே பாணியில் இன்னும் நாலு படம் எடுத்துக் காசு பார்த்திருக்கலாம். மனுஷன் பாரிஸ் ஓரமாக ஒரு நகரத்தையே செட் போட்டு, 70 எம்.எம்.மில், நாயகன் என்று தனியாக ஒருவனை முன்னால் நிறுத்தாமல் ‘பிளேடைம்’ காமெடியை எடுத்து, 1967இல் வெளியிட்டுக் கடனில் மூழ்கினார். சரி, அதில் வரும் ரெஸ்டாரன்ட் காட்சியைப் பார்த்தீர்களா? கண்ணாடிக் கதவு தூள்தூளாகிவிடும், வாசலில் நிற்பவர் கைப்பிடியை மட்டும் பிடித்துக்கொண்டு இல்லாத கதவைத் திறந்து திறந்து மூடுவார், வருகிறவர்களும் நம்பி உள்ளே போவார்கள். மேடையில் மட்டையும் பந்தும் இல்லாமல் டென்னிஸ் ஆடிக்காட்டிப் பிழைத்த ஆளுக்குத்தான் இதெல்லாம் தோன்றும். அப்புறம் 1971இல் ‘டிராஃபிக்’ எடுத்தாரே, அதைக் கட்டுரையில் காணோமே?