கட்டணத்துக்குப் பயந்து எழுதப்படும் பிராதுகள்

சேலம் அஸ்தம்பட்டியில் ஒரு வக்கீலிடம் பல ஆண்டுகள் குமாஸ்தாவாக இருந்தவன் நான். சொத்து வழக்குகளில் கோர்ட் கட்டணம் கூடுதல் என்று எல்லோரும் சொல்வார்கள். எனக்கு அதைவிடப் பெரிய வருத்தம் ஒன்று உண்டு. கட்சிக்காரர் போடவேண்டிய வழக்கை விட்டுவிட்டு, மலிவாக முடிகிற வேறொரு வழக்கைப் போடும்படி இந்தக் கட்டணம் அவரைத் தள்ளுகிறது.

1955ஆம் ஆண்டின் தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணங்கள் மற்றும் வழக்கு மதிப்பீட்டுச் சட்டப்படி, நிலம் தன்னுடையது என்று நீதிமன்றம் அறிவிக்கும் விளம்புகையும் சுவாதீனமும் (நிலத்தைக் கையில் பெறுவது) கேட்டால், பிராது, அதாவது வழக்கு மனு, தாக்கல் செய்யும் நாளில் அந்தச் சொத்துக்குள்ள சந்தை மதிப்பு முழுவதற்கும் கட்டணம் கட்டவேண்டும். விளம்புகையோடு உறுத்துக்கட்டளை, அதாவது எதிராளி நிலத்தில் தலையிடக்கூடாது என்ற தடை உத்தரவு, கேட்டால் பாதி மதிப்புக்குக் கட்டவேண்டும். வெறும் உறுத்துக்கட்டளை போதும் என்றால், வாதியே ஒரு சிறு தொகையைத் தாவா மதிப்பாகக் காட்டிவிடலாம். ஆனால் பிரதிவாதி என் உரிமையை மறுக்கிறார் என்று பிராதில் ஒரு வரி எழுதிவிட்டால், அந்த உறுத்துக்கட்டளைக்கும் பாதி மதிப்புதான். ஆகவே அந்த வரியை நாங்கள் எழுதமாட்டோம். ‘அத்துமீறி நுழைய முயல்கிறார்’ என்று நிறுத்திக்கொள்வோம். அப்படி எத்தனை பிராதுகளை நானே தட்டச்சு செய்திருப்பேன் என்பதற்குக் கணக்கில்லை.

அவற்றில் ஒன்று என் சித்தப்பாவினுடையது. ஏற்காடு மலையில், நாகலூர் பக்கம், காப்பியும் மிளகும் சில்வர் ஓக் மரங்களுமாக அவருக்கு ஒரு ஏக்கர் இருந்தது. 2009இல் பக்கத்துத் தோட்டக்காரர் ஒரு கிரயப் பத்திரத்தைக் காட்டி, அதில் பாதி தன்னுடையது என்றார். அன்று அந்தப் பாதியின் மதிப்பு சுமார் 10 லட்சம். கட்டண விகிதம் அப்போது நூற்றுக்கு ஏழரை. விளம்புகையோடு உறுத்துக்கட்டளை கேட்டால், பாதி மதிப்பான 5 லட்சத்துக்கு 37,500 ரூபாய் ஆகும். காப்பிப் பழம் பறித்து விற்றால்தான் அவர் கையில் பணம் புரளும். அதற்கு இன்னும் ஐந்து மாதம் இருந்தது. பற்றாக்குறைக் கட்டணத்தைப் பிறகு கட்ட நீதிமன்றம் அவகாசம் தரலாம் என்று அவரிடம் எடுத்துச் சொல்ல எனக்கு அன்று தோன்றவில்லை. வெறும் உறுத்துக்கட்டளை வழக்குதான் போட்டோம்.

அனத்துல சுதாகர் எதிர் புச்சி ரெட்டி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2008இலேயே இதைத் தெளிவாக்கியிருந்தது. நிலத்தின் மேல் வாதிக்குள்ள உரிமையே சந்தேகத்துக்குள்ளாகியிருக்கும்போது வெறும் உறுத்துக்கட்டளை போதாது, விளம்புகையும் கேட்கவேண்டும் என்பது அந்தத் தீர்ப்பு. ஏழு ஆண்டுகள் வாய்தா நடந்த பிறகு, அதைச் சொல்லித்தான் சித்தப்பாவின் வழக்கைத் தள்ளுபடி செய்தார்கள். புதிதாக விளம்புகை கேட்கப் போனால், அதற்கான மூன்று ஆண்டுக் காலவரையறை கடந்துவிட்டது என்று எதிர்த்தரப்பு ஆட்சேபித்தது. அன்று மிச்சப்படுத்திய 37,500 ரூபாயைப் போல இரண்டு மடங்கு அதற்குள் வாய்தாச் செலவிலேயே போயிருந்தது.

2017 மார்ச் மாதத்திலிருந்து கட்டணம் நூற்றுக்கு 3 ஆகக் குறைந்தது உண்மையான நன்மை, அதை மறுக்கவில்லை. ஆனால் நிலத்தின் விலை நின்ற இடத்தில் நிற்கவில்லையே. இன்று 60 லட்சம் பெறுமான நிலத்துக்கு விளம்புகையும் சுவாதீனமும் கேட்டால், வழக்கு எண் கிடைக்கும் முன்பே 1,80,000 ரூபாய் எடுத்துவைக்கவேண்டும். போதாக்குறைக்குப் பத்திரப்பதிவுத் துறையின் வழிகாட்டி மதிப்பைக் காட்டிப் பிராதைத் திருப்புவதும் உண்டு. பதிவேட்டு மதிப்பை மட்டும் வைத்துச் சந்தை மதிப்பைத் தீர்மானிக்க முடியாது என்று 1994இல் ஜவாஜி நாகநாதம் என்ற நில எடுப்பு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. தார்ச்சாலையை ஒட்டிய தோட்டமும், ஒற்றையடிப் பாதையில் மட்டுமே போய்ச் சேரக்கூடிய சரிவும் ஒரே விலை ஆகுமா?

பாகப்பிரிவினையில் மட்டும் சட்டம் கொஞ்சம் இரக்கம் காட்டுகிறது. கூட்டுச் சுவாதீனத்தில் இருப்பதாகச் சொல்லும் பங்காளி நிலையான கட்டணம் கட்டினால் போதும். தருமபுரியில் வாழ்க்கைப்பட்ட மகள் சேலத்துப் பூர்வீக வீட்டில் குடியிருக்காவிட்டாலும், முழுமையாக விலக்கப்பட்டதாகப் பிராது சொல்லாதவரை அவருக்கும் அதுவே பொருந்தும். 1980இல் நீலாவதி வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பு அதற்குத் துணை நிற்கிறது.

கட்டணம் இல்லாவிட்டால் வீம்புக்கு வழக்குப் போடுவார்கள் என்பது நியாயமான பதில்தான். ஆனால் இங்கே பணத்தை முதலில் எடுத்துவைக்க வேண்டியவர் பெரும்பாலும் தன் நிலத்தைக் காக்க வந்தவர். வம்பு செய்தவர் ஒரு பைசா கட்டாமல் பதிலுரை போட்டுவிட்டுப் போகிறார்.

வறியவராக வழக்காட உரிமையியல் விசாரணைமுறைச் சட்டத்தின் 33ஆம் கட்டளை வழி தருகிறது. தாவா சொத்தையே அவருடைய வசதியாகக் கணக்கில் எடுக்கக்கூடாது என்றும் அது சொல்கிறது. பெண்களுக்கும் பழங்குடியினருக்கும் வருமான வரம்பு பாராமல் சட்டப்பணிகள் ஆணைக்குழு உதவவேண்டும் என்ற 1987ஆம் ஆண்டுச் சட்டமும் இருக்கிறது. சேர்வராயன் மலையின் மலையாளிப் பழங்குடி மக்கள் பலருக்கு இன்றும் அது தெரியாது. இரண்டிலும் சேராதவர் என் சித்தப்பாவைப் போன்ற சிறு விவசாயி. வேறொரு ஓட்டு வீடு இருந்ததால் அவரை வறியவர் என்று யாரும் ஏற்கமாட்டார்கள்.

வறியவர் வழக்கில் தீர்ப்புக்குப் பிறகு, நீதிமன்றம் யாரைக் கட்டச் சொல்கிறதோ அவரிடமிருந்து அரசு கட்டணத்தை வசூலித்துக்கொள்கிறது. அதே முறையை ஐந்து ஏக்கருக்குக் குறைவான நிலம் பற்றிய எல்லா விளம்புகை வழக்குகளுக்கும் விரிக்கலாம். தொடக்கத்தில் ஒரு நிலையான சிறு தொகையும், மீதியைத் தோற்றவரிடமிருந்து தீர்ப்பின்போதும் வாங்கலாம். அப்படி ஓர் ஏற்பாடு 2009இல் இருந்திருந்தால், ‘உரிமையை மறுக்கிறார்’ என்ற அந்த ஒரு வரியை நான் தயங்காமல் தட்டச்சு செய்திருப்பேன்.