எடிட்டர் இயக்குநரானால் எங்கே மாட்டுவார்?

"எடிட்டருக்குப் படம் எடுக்கச் சொல்லித் தரணுமா?" என்று சர்வசாதாரணமாகக் கேட்கிறார்கள். சொல்லித் தரத்தான் வேண்டும்.

எஸ்.பி. முத்துராமன் ஏவி.எம். எடிட்டிங் பிரிவில் தொடங்கியவர்தான். ஆனால் 1972-ல் 'கனிமுத்து பாப்பா' இயக்குவதற்கு முன் பல வருஷம் உதவி இயக்குநராகச் செட்டில் நின்றார். பாராட்டும்போது அந்த இடைக்காலத்தை எல்லோரும் மறந்துவிடுகிறார்கள்.

எடிட்டருக்கு மேசையில் வந்து சேர்வது ஏற்கெனவே நடித்து முடித்த முகம். செட்டில் அந்த முகத்தை வரவழைக்க வேண்டும். அங்கேதான் சிக்கல். எடிட்டர் மனதுக்குள் சீனை முன்பே வெட்டி முடித்திருப்பார். மூன்றாவது வசனம் க்ளோசப், நாலாவது சஜஷன் ஷாட் (ஒருவர் தோளுக்குப் பின்னாலிருந்து எதிரில் இருப்பவரைக் காட்டுவது) என்று அந்தந்த வரியை மட்டும் எடுப்பார். நடிகருக்கோ உணர்ச்சி ஏறுவதற்குள் "கட்" வந்துவிடும். அடுத்த ஷாட்டில் குரல் வேறு சுருதியில் இருக்கும். பிறகு மூன்று நிமிட சீனை இரண்டு நிமிடமாகக் குறைக்க நினைத்தால், வெட்டித் தூக்கிய வரியின் இடத்தை மூட ஒரு ஷாட் இருக்காது. விட்டுப்போன ஷாட்டை எடுக்கும் பேட்ச் ஒர்க்குக்கு மறுபடி கால்ஷீட் கேட்டு அலைய வேண்டும்.

பிலிம் காலத்தில் இந்தச் சிக்கனத்துக்கு நியாயம் இருந்தது. கேமராவில் மாட்டும் 400 அடி பிலிம் பெட்டி (மேகசின்) நாலரை நிமிஷத்துக்குள் தீர்ந்துவிடும். இன்று மெமரி கார்டில் பதிகிறோம், அந்தச் சாக்கு செல்லாது. (எல்லாக் கோணத்திலும் எல்லாவற்றையும் எடுத்துத் தள்ளி, மாலை வெளிச்சத்தைக் கோட்டைவிடுவது வேறு வியாதி.)

இருவர் பேசும் சீன் என்றால் மாஸ்டரை, அதாவது இருவரும் தெரியும் அகலமான ஷாட்டை, ஒருமுறை முழுசாக எடுங்கள். க்ளோசப்பை, தேவையான வரிக்கு இரண்டு வரி முன்பே தொடங்குங்கள். வசனம் முடிந்ததும் மூன்று, நாலு விநாடி "கட்" சொல்ல வாயைத் திறக்காதீர்கள். நடிகரின் நல்ல பார்வை பெரும்பாலும் அங்கேதான் விழும். கேட்டுக்கொண்டிருப்பவரின் ரியாக்‌ஷன் சீன் முழுக்க ஒரே டேக்காக வேண்டும். வசனத்தைக் குறைக்கும்போது அதுதான் கைகொடுக்கும். டப்பிங் இல்லாமல் செட்டிலேயே குரலைப் பதியும் லைவ் சவுண்டா? கிளம்புமுன் அந்த இடத்தின் வெறும் சத்தத்தை ஒரு நிமிஷம் பதிந்துகொள்ளுங்கள்.

சொந்தப் படத்தைத் தானே எடிட் செய்யலாமா? இந்தி இயக்குநர் ராஜ்குமார் ஹிரானி செய்கிறார். முதல் படத்துக்கு வேண்டாம் என்பேன். நாலு மணி நேரம் கிரேன் போட்டு எடுத்த ஷாட்டைத் தூக்க, எடுத்தவருக்கே கை வராது. ஷாட்டுகளை வரிசையாகச் சேர்க்கும் முதல் கோர்வையை வேறொரு எடிட்டர் போடட்டும். அதுவரை எடிட்டிங் அறைப் பக்கம் போகாதீர்கள்.