காலபுருஷனுக்குத் தனி யுகம் கிடையாது

தம்பி, காலமே உயிரோடு நடமாடிய ‘காலபுருஷ யுகம்’ ஒன்று இருந்தது, அதன் நினைவாகத்தான் கொழும்புப் புறக்கோட்டையில் கான் மணிக்கூட்டுக் கோபுரம் எழும்பியது என்று மேலே எழுதியிருக்கிறீர்கள். இரண்டுமே தவறு. புராணங்கள் சொல்வது கிருத, திரேதா, துவாபர, கலி என்ற நான்கு யுகங்களைத்தான். காலபுருஷன் சோதிடத்தில் வருபவன்: பன்னிரண்டு ராசிகளையும் ஒரே உடம்பாகப் பாவித்து, மேஷத்தைத் தலையாகவும் மீனத்தைப் பாதமாகவும் வைத்தார்கள். மார்க்கண்டேயர் மேல் பாசக்கயிறு வீசி, திருக்கடவூரில் சிவனிடம் உதைபட்ட காலனும் யமன்தான். எவ்வளவு அழகான கதை அது! கோபுரமோ 1923இல் பம்பாய்ப் பார்சிக் குடும்பம் ஒன்று தங்கள் தந்தையின் நினைவாகக் கட்டியது. கற்பனை யுகம் என்றே சொல்லிக் கதை எழுதுங்கள், ஆசையாக வாசிப்பேன். வரலாறு என்று மட்டும் போடாதீர்கள். பள்ளிப் பிள்ளைகளும் இதைப் பார்க்கிறார்கள், தயவுசெய்து திருத்திவிடுங்கள்.