பெர்க்மன் நடித்ததைப் பற்றி ஒரு வரி எழுதுங்கள்

நேற்று அந்தச் சினிமாக் குழுவில் நடந்ததை நிறைய பேர் பார்த்திருப்பீர்கள். ஸ்கிரீன்ஷாட் போட்டு அதை இன்னொரு சுற்று ஓடவிட எனக்கு விருப்பமில்லை. ஆகஸ்ட் 29 ஹாலிவுட் நடிகை இங்ரிட் பெர்க்மனின் பிறந்தநாள். 1982ல் அவர் லண்டனில் இறந்ததும் அதே தேதியில்தான். அந்த நாளில் அவரைப் பற்றி அவ்வளவு நீளமாக எழுதியவருக்கு, அவர் நடிப்பைப் பற்றி எழுத ஒரு வரி கிடைக்கவில்லை. புருஷனையும் பிள்ளையையும் விட்டுவிட்டு இத்தாலிய இயக்குநர் ரோசெல்லினியோடு போனவர், அவர் எழுதியது அவ்வளவுதான். கீழே வரிசையாகச் சிரிப்பு எமோஜி.

அவர் நடித்ததைப் பேசுங்கள் என்று ஒரே ஒரு கமெண்ட் போட்டேன். அதற்கு எனக்குக் கிடைத்த பதில்களையும் பார்த்திருப்பீர்கள்.

ஸ்டாக்ஹோமில் பிறந்தவர். பேச்சு வரும் வயதில் அம்மா இல்லை, பதின்வயதில் அப்பாவும் போய்விட்டார். 1939ல் ஹாலிவுட் போனபோது, பெயரை மாற்று, புருவத்தைத் திருத்து, பல்லைச் சரிசெய் என்றார் தயாரிப்பாளர் செல்ஸ்னிக். முடியாது என்றார் இந்தப் பெண். காஸாப்ளாங்கா படப்பிடிப்பில், கதையில் தான் எந்த ஆணோடு போகப்போகிறோம் என்றே சொல்லப்படாமல் நடித்தார். பியானோக்காரர் அந்தப் பழைய பாட்டை வாசிக்கும்போது அவர் முகத்தைப் பாருங்கள். வசனம் கிடையாது. கண்ணில் லேசாக ஈரம், அவ்வளவுதான். மொத்தக் கதையும் அதிலேயே தெரிந்துவிடும். ஸ்வீடிஷ், ஜெர்மன், ஆங்கிலம், இத்தாலியன், பிரெஞ்சு என ஐந்து மொழிகளில் நடித்தவர். மூன்று ஆஸ்கர். இதில் ஒன்றுகூடவா எழுதத் தோன்றவில்லை?

"நடந்ததைத்தானே எழுதினோம்" என்கிறார்கள். சரி, நடந்ததை முழுசாக எழுதுங்கள். ரோசெல்லினிக்கும் அப்போது சட்டப்படி மனைவி இருந்தார். 1950 மார்ச்சில் ஜான்சன் என்ற செனட்டர் அமெரிக்க செனட்டிலேயே எழுந்து பெர்க்மனைத் தூற்றினார். ரோசெல்லினியையும் திட்டினார், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் ஹாலிவுட் வாசல் யாருக்கு மூடியது? ஏழு வருடம் கழித்து அதே ரோசெல்லினி இந்தியாவுக்குப் படமெடுக்க வந்து, இங்கே மணமான ஒரு பெண்ணோடு உறவானார். ரோசெல்லினி பிறந்தநாளுக்கு இந்தக் கதையை யாராவது எழுதுகிறீர்களா? அவருக்கு மட்டும் நியோரியலிசம் என்ற யதார்த்த சினிமா பாணி, கேமரா, போருக்குப் பிந்தைய இத்தாலி என்று கட்டுரை கட்டுரையாக வருகிறது.

"அந்தக் குழந்தை பியா என்ன பாவம் செய்தது?" பெர்க்மன் விட்டுவந்த மகளைப் பற்றிய இந்தக் கேள்விக்கு மட்டும் பதில் சொல்லக் கஷ்டமாகத்தான் இருக்கிறது. அந்தப் பெண்ணுக்கு வலித்திருக்கும், கட்டாயம் வலித்திருக்கும். ஆனால் மகளை இத்தாலிக்கு வரவழைக்க பெர்க்மன் கோர்ட்டுக்குப் போனார், 1952ல் தோற்றார். அதையும் சேர்த்துச் சொல்ல வேண்டாமா?

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று உள்பெட்டியில் வந்து கேட்டார்கள். சொல்கிறேன். வீட்டுக் கடனுக்காக மகளை அம்மாவிடம் விட்டுவிட்டு மஸ்கட்டில் வேலை பார்த்தவள் நான். லீவில் வந்தபோது ஒரு கல்யாணப் பந்தியில், எல்லோர் முன்னாலும், "பெத்துப் போட்டுட்டுப் போறதுக்கும் ஒரு மனசு வேணும்டி" என்றார் உறவுக்காரப் பெண் ஒருவர். இலையில் சாம்பார் ஊற்றியிருந்தது. கையை எடுக்கவும் முடியவில்லை, சாப்பிடவும் முடியவில்லை. என் மகளின் அப்பாவும் அப்போது வெளியூரில்தான் வேலை பார்த்தார். அவரை யாரும் எதுவும் கேட்டதில்லை. இரண்டும் ஒன்றா என்று ஆரம்பிக்காதீர்கள். ஒன்றில்லை, தெரியும். ஆனால் அந்தச் சிரிப்பு எமோஜிகளைப் பார்த்தபோது அந்தப் பந்திதான் ஞாபகம் வந்தது.

சரி, உங்களுக்கு அந்த அம்மா-மகள் கதைதான் வேண்டுமென்றால் 1978ல் வந்த ஆட்டம் சொனாட்டா (Autumn Sonata) படத்தைப் பாருங்கள். கச்சேரி கச்சேரியாகப் போய் மகளைக் கவனிக்காமல் விட்ட பியானோ கலைஞராக, தன்மேல் உலகம் சுமத்திய அதே குற்றச்சாட்டைச் சுமந்து பெர்க்மன் நடித்த படம். மகள் பியானோவில் ஷோபான் (Chopin) என்ற இசையமைப்பாளரின் இசையை வாசிக்கிறாள். பக்கத்தில் அம்மா முகத்தில் பாசம், பொறுமையின்மை, குற்றவுணர்வு என்று ஒவ்வொன்றாக வந்து போகிறது. இதில் நடிக்க எவ்வளவு தைரியம் வேண்டும்!

கடைசியாக இஸ்ரேலின் முன்னாள் பிரதமர் கோல்டா மேயராகத் தொலைக்காட்சிப் படத்தில் நடித்தபோது மார்பகப் புற்றுநோயில் அவருடைய ஒரு கை வீங்கிப் போயிருந்தது. அதோடுதான் நடித்து முடித்தார். அதற்கு அமெரிக்கத் தொலைக்காட்சி விருதான எம்மி கிடைத்தபோது அவர் உயிரோடு இல்லை. மேடையேறி வாங்கியது பியா. அடுத்த ஆகஸ்டில் எழுதும்போது இதையும் எழுதுங்கள்.