எது முதலில் நிகழ்கிறதோ

ரெண்டு மூணு நாளா டைம்லைன் முழுக்க ஒரே சண்டை. கம்பஸ்ல டெம்பரரியா இருக்கிறாக்கள அப்படியே பேர்மனன்ட் ஆக்கணும் எண்டு ஒரு பக்கம், வழக்குப் போட்டு வேலை எடுக்கப் பாக்கிறாங்க எண்டு மத்தப் பக்கம். நானும் நாலு வருசம் தற்காலிக உதவி விரிவுரையாளரா கிடந்தவன்தான், அதால எழுதுறன். (நான் இருந்தது இலங்கைல கிழக்கு மாகாணத்துக்கு வெளிய, பேர் வேணாம், கொமெண்ட்ல வந்து நோண்டாதீங்க.)

1981ல மட்டக்களப்புப் பக்கம் வந்தாறுமூலைல பல்கலைக்கழகக் கல்லூரி தொடங்கி 1986ல அது கிழக்குப் பல்கலைக்கழகம் ஆகி, மறுகா தொண்ணூறுகள்ல ஒலுவில்ல தென்கிழக்குப் பல்கலைக்கழகமும் வந்த பிறகு, நம்மட பக்கம் ஒரு பொடியன் லெக்சரர் எண்டா அவண்ட மதிப்பே வேற. டெம்பரரி எண்டுற சொல்லு யாருட காதுலயும் விழாது. வைகாசில கண்ணகி அம்மன் சடங்குக்கு வந்த சனத்துக்கிட்ட அம்மா "மகன் கம்பஸ்ல லெக்சரர்" எண்டுதான் சொல்லித் திரிஞ்சா, நானும் திருத்தல.

ஆனா பேங்க்ல லோனுக்குப் போனா நியமனக் கடிதத்தக் கேப்பாங்க. அதுல ஒரு வரி இருக்கும், "ஒரு வருட காலத்திற்கு அல்லது நிரந்தர நியமனம் வழங்கப்படும் வரை, இவற்றில் எது முதலில் நிகழ்கிறதோ அதுவரை". பேங்க் அக்கா அந்த வரில பேனைய வச்சிட்டு நிமிந்து பாத்தா, கதை முடிஞ்சுது.

நாலு வருசத்துல நாலு கடிதம். ஒண்டு முடிஞ்சு மத்தது வர ரெண்டு கிழமை இடைவெளி விடுவாங்க, தொடர்ச்சியா வேலை செஞ்சன் எண்டு நாளைக்கு நான் சொல்லிரக்கூடாதாம். ஆனா அந்த ரெண்டு கிழமையும் விடைத்தாள் கட்டு எண்ட வீட்டு மேசைலதான் கிடக்கும். 2022 நெருக்கடியோட சீனியர் ஆக்கள் வெளிநாடு போக, புது ஆளணிக்கு திறைசேரி அனுமதியும் இறுக, அவங்கட பாடமும் எங்கட தலைல விழுந்துது. வேலை நிரந்தரம், ஆள் மட்டும் தற்காலிகம்.

சரி, நியாயம் பிழைச்சா வழக்குப் போடலாமே எண்டு லேசா சொல்றீங்க. எங்க போறது? மட்டக்களப்புலயும் கல்முனையிலயும் மேல் நீதிமன்றம் இருக்குத்தான், ஆனா அங்க எழுத்தாணை (அரச நிறுவனத்துட பிழையான முடிவ ரத்துப் பண்ணக் கேக்கிற மனு) போடுறது மாகாணசபைக்கு அதிகாரம் குடுத்த நிரல்ல உள்ள விசயத்துக்கு மட்டும், பல்கலைக்கழகம் அதுல வராது. அப்ப மேன்முறையீட்டு நீதிமன்றம், கொழும்புப் புதுக்கடை. 1978ம் ஆண்டு 16ம் இலக்க பல்கலைக்கழகச் சட்டத்துல, ஆட்சேர்ப்புத் திட்டத்துக்கு மாறா குடுத்த நியமனத்த விசாரிக்க அதிகாரம் உள்ள பல்கலைக்கழக சேவைகள் மேன்முறையீட்டுச் சபை எண்டு ஒண்டு இருக்கு, அதுவும் கொழும்புலதான். அடிப்படை உரிமை வழக்கெண்டா உயர் நீதிமன்றம், அதுவும் ஒரு மாசத்துக்குள்ள.

அந்த ஒரு மாசத்துலதான் நம்ம எல்லாரும் மாட்டுறது. கடிதம் முடியிற நேரம் எவனாவது லோயரத் தேடுவானா? அடுத்த கடிதம் வரும் எண்டுதான் வாயப் பொத்திட்டு இருப்பான், வழக்குப் போட்டா அது வராது எண்டும் தெரியும். நானும் அப்படித்தான் இருந்தன். நிரந்தரப் பதவிக்கு இன்டர்வியூ வச்சாங்க, போனன், கிடைக்கல எண்டு ஒரு துண்டுக் கடிதம் கூட வரல, எண்ட பாடத்துக்கு நேரா டைம்டேபிள்ல வேற பேர் இருந்தத பாத்துத்தான் விளங்கிச்சு.

மறுகா ஆத்திரத்துல 2016ம் ஆண்டு தகவலறியும் உரிமைச் சட்டத்துல இன்டர்வியூல எனக்குப் போட்ட புள்ளியக் கேட்டு விண்ணப்பம் போட்டன். 14 வேலை நாளுக்குள்ள முடிவு சொல்லணும் எண்டு சட்டம், எனக்கு மேன்முறையீடு எல்லாம் போட்டு அஞ்சாவது மாசம்தான் வந்துது. கற்பித்தல் அனுபவம் எண்டுற கூட்டுக்குள்ள எனக்குப் பூச்சியம். நாலு வருசம், பூச்சியம்.

அத எடுத்துட்டு இரவு ரயில்ல கொழும்புக்கு லோயரப் பாக்கப் போனன். லோயர் ஐயா நல்ல மனுசன், கண்ணாடியக் கழட்டி வச்சிட்டு "தம்பி, டைம்டேபிள்ல பேர் பாத்தது எப்ப?" எண்டார். சொன்னன். அப்ப அடிப்படை உரிமைக்கு நாள் கடந்துட்டு, எழுத்தாணைக்கு கணக்கா நாள் இல்ல, ஆனா ஏன் சுணங்கின எண்டு கோர்ட்டுல கேப்பாங்க, முயற்சி பண்ணலாம் எண்டார். மறுகா "தெரிவான புள்ளையும் எதிர்மனுதாரரா போடணும்" எண்டார். அந்தப் புள்ள எண்ட முதலாவது பேட்ச் மாணவி, என்னை சேர் எண்டு கூப்பிட்டவ. புள்ளி போட்டது அவ இல்லயே. ஃபைல மூடிட்டு வந்துட்டன்.

அதுக்காக எல்லாரையும் கண்ண மூடிட்டு பேர்மனன்ட் ஆக்கு எண்டு நான் சொல்லல. அப்படிச் செஞ்சா இந்த வருசம் டிகிரில கிளாஸ் அடிச்சிட்டு வெளிய வாற புள்ளைக்கு கதவு எங்க? எலெக்சனுக்கு முதல் அரசியல்வாதிட லிஸ்ட்ல வந்தவனும் அதுக்குள்ள நுழைஞ்சிருவான், அந்தக் கூத்து நமக்குத் தெரியாததா. இந்தியாவுல 2006ல உமாதேவி வழக்குல உச்ச நீதிமன்றம் சொன்னதும் கிட்டத்தட்ட இதுதான், முறைப்படி ஆள் எடுக்காம வச்சவங்க நிரந்தரத்த உரிமையா கேக்க ஏலாது எண்டு. பத்து வருசத்துக்கு மேல கிடந்தவங்களுக்கு மட்டும் ஒருமுறை வழி விட்டாங்க. நான் கேக்கிறது சின்ன விசயம்: வெற்றிடம் வந்தா விளம்பரம் போடு, செஞ்ச வருசத்துக்குப் புள்ளி போடு, இன்டர்வியூ முடிஞ்சா புள்ளிய எழுத்துல குடு. வழக்குல பாதி வராது.

போன கிழமை அக்காட மகள் ஒரு கடிதத்தோட ஓடி வந்தா, டெம்பரரி கிடைச்சிருக்கு. வாங்கிப் பாத்தன், அதே வரி. பேனையால கீழ கோடு போட்டுக் காட்டினன். "அதெல்லாம் சும்மா போடுறது மாமா" எண்டுட்டு, கடிதத்த அம்மம்மாக்கிட்ட காட்டப் போயிட்டா.