தக்காளிக் கறையும் 107-ம்

மாட்டுத்தாவணியா, பரவையா என்று யாரும் கேட்காதீர்கள். சொன்னால் கடை எதுவென்று தெரிந்துவிடும். மதுரைக் காய்கறி மண்டிகளில் ஒன்று, அவ்வளவுதான். கடை என் சித்தப்பாவுடையது.

போன மாதம் விவசாயிகளுக்குக் கமிஷனைக் கொஞ்சம் குறைத்தார், சரக்குக்கு அன்றைக்கே பணமும் கொடுத்தார். ஒட்டன்சத்திரம் பக்கத்து வண்டிகள் இரண்டு இவர் கடைக்குத் திரும்பின. மூன்றாம் நாள் ராத்திரி இரண்டு மணிக்கு, பெட்டி இறக்கும் நேரத்தில், பைக்கில் இரண்டு பேர் வந்தார்கள். சத்தம் இல்லை, கத்தி இல்லை. ஒருவன் மேல் பெட்டியிலிருந்து ஒரு தக்காளியை எடுத்து உள்ளங்கையில் நசுக்கி, சித்தப்பா சட்டையில் துடைத்துவிட்டு, "நல்லா பழுத்திருக்குண்ணே, பாத்து ஏவாரம் பண்ணுங்க" என்றான். மறுநாள் ராத்திரி இவர் வண்டிப் பக்கம் லோடுமேன் ஒருவர்கூட வரவில்லை. அவர்களுக்கும் பிள்ளைகுட்டி இருக்கிறது, குறை சொல்ல மாட்டேன். நானும் தம்பியும் போய் இறக்கினோம். முதுகு இன்னும் வலிக்கிறது, அது வேறு கதை.

ஸ்டேஷனுக்குப் போனால், "தொழில் போட்டிதானே, சங்கத்துல பேசித் தீத்துக்கங்க" என்றார்கள். இரண்டாவது தடவை போனபோது, புகாரை வாங்கிக்கொண்டோம் என்பதற்கான சிஎஸ்ஆர் ரசீது கிடைத்தது. அதற்கு அடுத்த வாரம் வந்ததுதான் வேடிக்கை: இரண்டு தரப்பும் வந்து நன்னடத்தைப் பத்திரம் எழுதிக் கொடுக்கணுமாம்!

இதை ஊரில் இன்னும் '107 போடுவது' என்றுதான் சொல்கிறோம். பழைய குற்ற நடைமுறைச் சட்டத்தின் 107, 2024 ஜூலையிலிருந்து புதிய சட்டத்தில் 126 ஆகிவிட்டது. அமைதியைக் குலைப்பார் என்று தகவல் வந்தால், ஓராண்டு வரை ஏன் பத்திரம் எழுதித் தரக் கூடாது என்று நிர்வாக நடுவர் கேட்கலாம். நல்ல சட்டம்தான். ஆனால் தக்காளியை நசுக்கியவனும் சட்டையில் கறை பட்டவரும் எப்படி ஒரே காகிதத்தில் 'இரு தரப்பு' ஆவார்கள்? புகார் கொடுத்தால் நம் பேரும் அதில் ஏறும் என்று தெரிந்தபின் அடுத்த கடைக்காரர் வாயைத் திறப்பாரா? மிரட்டியவனுக்கு வேண்டியதே அதுதான். அந்த வேலையை ஸ்டேஷனே அவனுக்குச் செய்து கொடுக்கிறது.

'கோர்ட்டுக்குப் போங்க' என்பார்கள். மேலூர் ரோட்டில் உயர் நீதிமன்றக் கிளை 2004-ல் வந்தபிறகு சென்னைக்கு ரயில் ஏற வேண்டியதில்லை, உண்மைதான். பாதுகாப்பு கேட்டு ரிட் போடலாம். பல சமயம் 'மனுதாரரின் மனுவைச் சட்டப்படி பரிசீலிக்கவும்' என்று உத்தரவு வரும். அதை வாங்கிக்கொண்டு அதே ஸ்டேஷனுக்குத்தான் வர வேண்டும். அதற்குள் எத்தனை லோடு அழுகுமோ.

போலீஸ் பக்கமும் பேசிவிடுகிறேன். ஆள் குறைவு. சித்திரைத் திருவிழா வந்தால் இருப்பவர்களும் பந்தோபஸ்துக்குப் போய்விடுவார்கள். துப்பாக்கிப் போலீஸைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு கெத்து காட்டுவதற்காகவே பாதுகாப்பு கேட்கிற பெரிய மனிதர்களும் இருக்கிறார்கள். சித்தப்பா கேட்பது அதை இல்லை. பகல் பதினோரு மணிக்குக் கடை வாசலில் ஒரு போலீஸ்காரர் நாற்காலி போட்டு உட்கார்ந்து என்ன பிரயோஜனம்? அந்த நேரத்தில் மார்க்கெட்டில் மாடுதான் நிற்கும். எல்லாம் நடப்பது ராத்திரி ஒன்றிலிருந்து நாலு வரை. ஏடிஎம்மில் ரோந்துப் போலீஸ் கையெழுத்துப் போட ஒரு நோட்டு தொங்குகிறது இல்லையா, அப்படி ஒன்று சரக்கு இறக்கும் இடத்தில் தொங்கட்டும். அப்புறம் லோடுமேன்கள் தானாக வருவார்கள்.

புதன்கிழமை மேலதிகாரியிடம் மனு கொடுக்கப் போகிறோம். மார்க்கெட் ஆட்கள் யாராவது கூட வருவதாக இருந்தால் இன்பாக்ஸில் சொல்லுங்கள். பேர் போட வேண்டாம், வந்து நின்றால் போதும். பத்து மணிக்குள் வந்துவிடுங்கள். ராத்திரி முழுக்க முழித்திருப்பவர், பதினொன்றுக்கு மேல் சித்தப்பாவால் கண்ணைத் திறந்து வைத்திருக்க முடியாது.