14.2 கிலோ சந்தேகம்

அக்கா: கேஸ் ஏஜென்சியில் இருக்கிற அந்தப் பெண்ணிடம் பஸ்ஸில் இருந்தபடியே போனில் சண்டை போட்டேன். சிலிண்டர் வரவே இல்லை, பொய் சொல்லாதே என்று கத்தினேன். கண்டக்டர் கூடத் திரும்பிப் பார்த்தார். வீட்டுக்கு வந்தால், அடுப்படியில் இது என்னடா?

தம்பி: பார்ப்பதற்கு சிலிண்டர் மாதிரி இருக்கிறது.

அக்கா: மாதிரியா!

தம்பி: வரவில்லை என்று நான் சொல்லவே இல்லை அக்கா. "சிலிண்டர் வந்ததா?" என்று நீ போனில் கேட்டாய். "வந்தது என்பதை நாம் எதை வைத்து முடிவு பண்ணுகிறோம்?" என்று நான் கேட்டேன். அது கேள்வி. அதைப் பதிலாக எடுத்துக்கொண்டு நீ ஏஜென்சியில் சண்டை போட்டால் நான் என்ன செய்வது?

அக்கா: சிவப்பாக, குண்டாக ஒன்றை ஒரு பையன் தோளில் தூக்கி வந்து ணங்கென்று இறக்கிவிட்டுப் போனானே, அதை வைத்து முடிவு பண்ணு.

தம்பி: ணங்கென்ற சத்தம் கனவிலும் கேட்கும்.

(தம்பி ஆன்லைனில் 'எதையும் கேள்வி கேள்' என்றொரு தத்துவ வகுப்பில் சேர்ந்ததிலிருந்து அந்த வீட்டில் 'ஆமாம்', 'இல்லை' இரண்டும் செலவாவதே இல்லை.)

அக்கா: சரி, கனவில் வந்த சிலிண்டருக்கு நிஜத்தில் எவ்வளவு கொடுத்தாய்?

தம்பி: 920 ரூபாய்.

அக்கா: பில்லில் 868 ரூபாய் 50 பைசா போட்டிருக்கிறது. மீதி ஐம்பத்தொன்றரை ரூபாய் எங்கே?

தம்பி: 920 என்று அவன் சொன்னான்.

அக்கா: நீ என்ன சொன்னாய்?

தம்பி: ஜிபே பண்ணினேன்.

அக்கா: "920 என்பதை எதை வைத்து முடிவு பண்ணுகிறோம்?" என்று அவனைக் கேட்கவில்லையா?

தம்பி: அது வேறு அக்கா. நீ சில்லறையைப் பேசுகிறாய். நான் பேசுவது அடிப்படை. பிரெஞ்சுத் தத்துவஞானி டெகார்ட் 1641-லேயே இதை எழுதிவிட்டார். "அங்கியைப் போட்டுக்கொண்டு நெருப்புப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறேன் என்று நினைக்கிறேன். இப்படி உட்கார்ந்திருப்பதாக எத்தனையோ தடவை கனவும் கண்டிருக்கிறேன். இது எது?" என்கிறார். யோசித்துப் பார்.

அக்கா: பார்த்தேன். அந்த நெருப்புக்கு விறகு யார் வாங்கிப் போட்டது?

தம்பி: அது புத்தகத்தில் இல்லை.

அக்கா: இருக்காது. விறகு வாங்கிப் போட்டவருக்குப் புத்தகம் எழுத நேரம் கிடைத்திருக்காது.

தம்பி: உனக்கு இதெல்லாம் புரியாது.

அக்கா: பிரவுன் அட்டை போட்டு லேபிள் ஒட்டி வைத்திருக்கிறாயே ஒரு வகுப்பு நோட்டு, அதை முழுக்கப் படித்தேன். நீ அட்டை போட்டதோடு சரி. எல்லாவற்றையும் சந்தேகப்பட்டுத் தரைமட்டமாக்குவது வாழ்நாளில் ஒரு தடவை செய்ய வேண்டிய வேலை என்கிறார் உன் டெகார்ட். நீ செவ்வாயும் வியாழனும் பண்ணுகிறாய்.

தம்பி: அது பயிற்சி.

அக்கா: அதற்கு முந்தி 1637-ல் எழுதிய புத்தகத்தில், யோசித்து முடிக்கிற வரைக்கும் ஊர்ச் சட்டத்துக்கும் பழக்கத்துக்கும் கட்டுப்பட்டு நடப்பேன் என்று தனக்கு முதல் விதியே போட்டுக்கொள்கிறார். கடைக்காரன் பாக்கியைத் தீர்த்துவிட்டுத்தான் மனுஷன் உலகம் உண்டா இல்லையா என்று உட்கார்ந்திருக்கிறார்.

தம்பி: மேதை அக்கா அவர்.

அக்கா: யார் இல்லை என்றது? ஆனால் முடிவைப் பார். காலை 11 மணி வரை படுக்கையில் கிடந்தே யோசிக்கிற பழக்கம் அவருக்கு. 1649-ல் சுவீடன் ராணி கிறிஸ்டினா கூப்பிட்டாள் என்று போனார். அந்த ஊர்க் குளிரில் காலை 5 மணிக்குப் பாடம் சொல்ல வா என்றாள். போனார். 1650 பிப்ரவரியில் நிமோனியா வந்து போய்ச் சேர்ந்தார். வானத்தையும் பூமியையும் கேள்வி கேட்டவருக்கு "அஞ்சு மணிக்கு எதுக்கும்மா, ஒன்பது மணிக்கு வரட்டுமா?" என்ற ஒரு கேள்வி வாயில் வரவில்லை பார்.

தம்பி: ராணியிடம் போய் எப்படிக் கேட்பது?

அக்கா: அதுதான். சிலிண்டர் கொண்டுவந்தவனிடம் எப்படிக் கேட்பது?

தம்பி: ஐம்பத்தொன்றரை ரூபாயை நீ விடவே மாட்டாயா?

அக்கா: வகுப்புக்கு எவ்வளவு கட்டினாய்?

தம்பி: ...மூவாயிரத்து ஐந்நூறு.

அக்கா: பிடிக்கவில்லையென்றால் திருப்பித் தருவார்களா?

தம்பி: தர மாட்டார்கள். முதலிலேயே டிக் போடச் சொல்லிவிட்டார்கள்.

அக்கா: படித்துப் பார்த்துவிட்டா டிக் போட்டாய்?

தம்பி: நீளமாக இருந்தது.

அக்கா: சரி, வகுப்பில் என்ன கேள்வி கேட்டாய்?

தம்பி: நடுவில் கேட்க முடியாது. மைக்கை மியூட் பண்ணியிருப்பார்கள். கடைசிப் பத்து நிமிடம் கேள்வி நேரம்.

அக்கா: 'எதையும் கேள்வி கேள்' வகுப்பில் வாயை மூடி வைத்திருக்கிறார்கள், நீயும் மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாய்.

தம்பி: ஒழுங்கு என்று ஒன்று வேண்டாமா? வள்ளுவரே சொல்கிறார், "எப்பொருள் யார்யார்வாய்க் கேட்பினும் அப்பொருள் மெய்ப்பொருள் காண்ப தறிவு". 423.

அக்கா: நம்பரெல்லாம் சரியாகச் சொல்கிறாய். அந்தப் பையன் வாயிலிருந்து 920 என்று கேட்டாய். மெய்ப்பொருள் பில்லில் இருந்தது. பில் சிலிண்டர் தலையில் இருந்தது. குனிந்து பார்த்தாயா?

(தம்பி இப்போதுதான் குனிந்தார்.)

அக்கா: குனிந்ததுதான் குனிந்தாய். மேல் வளையத்தைத் தாங்கிக்கொண்டு மூன்று பட்டை இருக்கிறதல்லவா, அதன் உள்பக்கம் பார். என்ன எழுதியிருக்கிறது?

தம்பி: 15.7.

அக்கா: அது காலி சிலிண்டரின் எடை. உள்ளே இருக்க வேண்டிய கேஸ் 14.2 கிலோ. இரண்டையும் கூட்டு.

தம்பி: 29.9.

அக்கா: தராசில் மாட்டினால் அது காட்ட வேண்டும். வாசலிலேயே எடை போட்டுக் காட்டு என்று நாம் கேட்கலாம். தராசு கொண்டுவர வேண்டியது அவர்கள் வேலை. கேட்டாயா?

தம்பி: எப்படிக் கேட்பது? அவனைச் சந்தேகப்படுகிற மாதிரி ஆகிவிடாதா?

அக்கா: இந்த உலகம் இருக்கிறதா என்று சந்தேகப்படலாம். அதில் ஒரு 14.2 கிலோ இருக்கிறதா என்று சந்தேகப்பட்டால் மட்டும் மரியாதைக் குறைவா?

தம்பி: ...

அக்கா: அடுத்த பட்டையில் என்ன இருக்கிறது?

தம்பி: சி-28. பேட்ச் நம்பர்.

அக்கா: பேட்ச் நம்பர் என்று உனக்கு யார் சொன்னது?

தம்பி: யாரும் சொல்லவில்லை. நானே அப்படி நினைத்துக்கொண்டிருந்தேன்.

அக்கா: இத்தனை வருஷமாக! சிலிண்டரை மறுபடி சோதனைக்கு அனுப்ப வேண்டிய கெடு அது. ஏ என்றால் மார்ச், பி ஜூன், சி செப்டம்பர், டி டிசம்பர். இது 2028 செப்டம்பர் வரைக்கும் தாங்கும். கெடு தாண்டியதைக் கொண்டுவந்தால் வேண்டாம், வேறு கொண்டு வா என்று திருப்பி அனுப்பலாம். வால்வில் சோப்புத் தண்ணீர் விட்டுப் பார்த்தாயா?

தம்பி: என் போனுக்கு வந்த நாலு நம்பரை அவன் கேட்டான்.

அக்கா: சொன்னாயா?

தம்பி: உடனே.

அக்கா: நாலு நம்பரைச் சொல்லிவிட்டாய் என்றால் எல்லாம் சரியாக வந்து சேர்ந்தது என்று நீயே கையெழுத்துப் போட்ட மாதிரி. என்னிடம் போனில் சொல்ல உனக்கு மனசு வராத "வந்தது" அவனிடம் உடனே வந்துவிட்டது.

(உண்மையில் இதுபோன்றவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். மாதம் ஒருமுறை கூடிக் கடவுள், விதி, காலம் மூன்றையும் கூண்டில் ஏற்றி விசாரிப்பார்கள். வெளியே பார்க்கிங்கில் சீட்டில்லாமல் இருபது ரூபாய் கேட்டால் எடுத்துக் கொடுத்துவிட்டு வண்டியை எடுப்பார்கள்.)

தம்பி: நீ எல்லாவற்றையும் அடுப்படிக்கே இழுக்கிறாய். பிர்ரோ என்று கிரேக்கத்தில் ஒருவர் இருந்தார். கண்ணால் கண்டதையே நம்ப மாட்டார். எதிரே வண்டி வந்தாலும் ஒதுங்க மாட்டாராம். பள்ளம் இருந்தாலும் நிற்க மாட்டாராம். நாய் வந்தாலும் அப்படியே போவாராம்.

அக்கா: எத்தனை நாள் உயிரோடு இருந்தார்?

தம்பி: கிட்டத்தட்ட 90 வயது வரைக்கும்.

அக்கா: எப்படி?

தம்பி: நண்பர்கள் கூடவே நடந்து பக்கத்தில் இழுத்துவிடுவார்கள் என்று கதை.

அக்கா: அந்த நண்பர்கள் வண்டி உண்டா இல்லையா என்று ஆராயவில்லையா?

தம்பி: இல்லை போலிருக்கிறது.

அக்கா: இந்த வீட்டில் அந்த இழுத்துவிடுகிற ஆள் நான்தான். போன தடவை கரண்ட் பில்லுக்கு, "கடைசித் தேதி என்பது மனிதன் கற்பித்தது" என்றாய். ஃபியூஸைப் பிடுங்க ஆள் வந்தபோது அவரிடம் அதைச் சொன்னாயா? செருப்புக் கூடப் போடாமல் ஓடிப்போய்க் கட்டினாய்.

தம்பி: அன்றைக்கு வெயில், ஃபேன் இல்லை என்றால் அம்மா தாங்க மாட்டார்கள்.

அக்கா: அம்மாவை நீ ஞாபகப்படுத்தாதே. சாயங்காலம் விளக்கு ஏற்றினால் "ஏன் ஏற்றுகிறாய், என்ன ஆதாரம்?" என்று 76 வயது மனுஷியிடம் நிற்கிறாய். கீரைக்காரம்மாவிடம் கட்டுக்கு ரெண்டு ரூபாய் ஏன் ஏற்றினாய் என்று கணக்குக் கேட்கிறாய். ஆஸ்பத்திரியில் அம்மாவுக்கு ஆறு டெஸ்ட் எழுதினார்களே, எது எதற்கு என்று கேட்டாயா?

தம்பி: டாக்டர் பிஸியாக இருந்தார்.

அக்கா: கீரைக்காரம்மா சும்மா இருந்தாரா?

தம்பி: ...

அக்கா: திருப்பி முறைக்கிற ஆளிடம் நீ கேள்வி கேட்டு நான் பார்த்ததே இல்லை. கடவுளைக் கேட்பாய், அவர் பதில் சொல்ல வர மாட்டார். அம்மாவைக் கேட்பாய், அம்மா காபி போட்டுக் கொடுப்பார்கள்.

தம்பி: இப்போது என்ன, அந்தப் பையனைக் கூப்பிட்டு ஐம்பத்தொன்றரை ரூபாயைத் திருப்பிக் கேட்க வேண்டுமா?

அக்கா: அவனை ஏன் கேட்கிறாய்? முப்பது கிலோவைத் தோளில் வைத்துக்கொண்டு மூன்று மாடி ஏறியிருக்கிறான். லிஃப்ட் கிடையாது. ஒரு வாய் தண்ணீர் கொடுத்தாயா?

தம்பி: அப்புறம் இவ்வளவு நேரம் எதற்காக என்னைப் பிடித்துத் திட்டினாய்?

அக்கா: வீட்டில் கொண்டுவந்து போடுகிற கூலியும் அந்த 868 ரூபாய் 50 பைசாவுக்குள்ளேயே இருக்கிறது. நாமே குடோனுக்குப் போய் எடுத்துவந்தால் அதைக் கழித்துக்கொண்டுதான் வாங்க வேண்டும். அப்படியென்றால் அந்தக் கூலி இந்தப் பையன் கைக்கு ஒழுங்காகப் போகிறதா? போனால் அவன் ஏன் நம்மிடம் கை நீட்டுகிறான்? போகவில்லை என்றால் யார் பையில் இருக்கிறது? மூன்று மாடி ஏறுகிறவன் நம்மிடம் கேட்கிறான். நாம் கூச்சப்பட்டு ஜிபே பண்ணுகிறோம். அவனும் முதலாளியைக் கேட்பதில்லை, நாமும் கேட்பதில்லை. குளுகுளு அறையில் இருக்கிறவருக்குத் தொந்தரவே இல்லை. உன் நோட்டில் எழுத வேண்டிய கேள்வி இது. எடு போனை.

தம்பி: யாருக்கு?

அக்கா: ஏஜென்சிக்கு. நான் போட்ட சண்டைக்கு முதலில் மன்னிப்புக் கேள்.

தம்பி: சண்டை போட்டது நீ!

அக்கா: போட வைத்தது உன் கேள்வி.

தம்பி: நாளைக்குப் பேசலாம். இல்லையென்றால் மெயில் போடலாம். எழுத்தில் இருந்தால் ஒரு தெளிவு இருக்கும்.

அக்கா: எடுடா.

(எடுத்தார். நம்பரை அக்காவே அழுத்த வேண்டியிருந்தது.)

தம்பி: ஹலோ, கேஸ் ஏஜென்சியா? ஆமாம் மேடம்... யார் பேசுவதா? அது வந்து...

அக்கா: 'நான் யார்?' என்கிற கேள்வி திருவண்ணாமலை ரமணருக்கு. இங்கே கன்ஸ்யூமர் நம்பரைச் சொல்!

தம்பி: (சொல்லிவிட்டு) ஆமாம் மேடம், சிலிண்டர் வந்துவிட்டது. காலையில் பேசியது எங்கள் அக்கா. மன்னித்துக்கொள்ளுங்கள்... இல்லை மேடம், இப்போது நிச்சயமாக வந்துவிட்டது... கூட ஐம்பத்தொன்றரை ரூபாய் வாங்கினார்கள், அதுதான்... (போனைக் கையால் பொத்தி) அக்கா, பில்லுக்கு மேல் ஒரு ரூபாய் கூடத் தர வேண்டாமாம். "நீங்கள் ஏன் சார் கொடுத்தீர்கள்?" என்று கேட்கிறாள்.

அக்கா: பதில் சொல்லு.

தம்பி: என்ன சொல்வது?

அக்கா: உன்னைக் கேட்டால் எனக்கு எப்படித் தெரியும்? சரி, டெலிவரிக் கூலி பையனுக்கு எவ்வளவு போகிறது என்று கேள்.

தம்பி: மேடம், டெலிவரிக்கு என்று பில்லில் சேர்ந்திருக்கிற பணம் அந்தப் பையனுக்கு... சரி... சரிங்க... அது ஓனரைத்தான் கேட்க வேண்டுமாம். ஓனர் சாப்பிடப் போயிருக்கிறாராம்.

அக்கா: மணி நாலரை ஆகிறது. எத்தனை மணிக்கு வருவார் என்று கேள்.

தம்பி: எத்தனை மணிக்கு வருவார் மேடம்? ஹலோ? ஹலோ... வைத்துவிட்டாள்.

அக்கா: திரும்பப் போடு.